54 வயதில் செய்தி சொல்ல வந்தவர்

தொலைக்காட்சியில் செய்தி வாசிப்பவருக்கு என்ன தகுதி வேண்டும் என்று கேட்டுப் பாருங்கள். குரல், உச்சரிப்பு, தோற்றம் என்றுதான் பலரும் அடுக்குவார்கள். வயதைப் பற்றி யாரும் வெளிப்படையாகப் பேசுவதில்லை. ஆனால், குரல் தேர்வுக்கு 50 வயதைக் கடந்த ஒரு பெண்மணி வந்து நின்றால் அவரைக் கேமரா முன் உட்கார வைக்கும் துணிவு எத்தனை தயாரிப்பாளருக்கு இருக்கும்?

அமெரிக்காவின் ஒஹாயோ மாநிலத்தில், கிளீவ்லாந்து நகரின் முதல் தொலைக்காட்சி நிலையத்துக்கு 1947ஆம் ஆண்டில் அந்தத் துணிவு இருந்தது. அங்கே செய்தி சொல்ல அமர்ந்தவரின் பெயர் டோரதி ஃபுல்ட்ஹைம். அப்போது அவருக்கு வயது 54. அதன் பிறகு 37 ஆண்டுகள் அதே நிலையத்தில் திரையில் தோன்றினார். அமெரிக்கத் தொலைக்காட்சியில் செய்தி நிகழ்ச்சி ஒன்றைத் தாமே முன்னின்று நடத்திய முதல் பெண் என்று ஒளிபரப்பு வரலாறு எழுதுவோர் அவரைக் குறிப்பிடுகின்றனர்.

நம் பக்கத்து நாட்குறிப்போடு ஒப்பிட்டால் இதன் தூரம் புரியும். சிங்கப்பூரில் தொலைக்காட்சி ஒளிபரப்பு தொடங்கியது 1963 பிப்ரவரி 15ஆம் தேதி. மலேசியாவில் அதே ஆண்டு டிசம்பர் 28. கோலாலம்பூரில் அந்த முதல் ஒளிபரப்பு நடந்த இரவில் டோரதி அம்மையாருக்கு வயது 70. திரை அனுபவம் 16 ஆண்டுகள்.

இன்னொரு வேறுபாடும் உண்டு. நம் இரு நாடுகளிலும் தொலைக்காட்சி அரசாங்கச் சேவையாகத் தொடங்கியது. செய்திப் பிரிவு எழுதிக் கொடுக்கும், அறிவிப்பாளர் வாசிப்பார். ஆகவே 'செய்தி வாசிப்பாளர்' என்ற சொல் நமக்குப் பொருத்தமாக அமைந்துவிட்டது. அந்தச் சொல் டோரதி அம்மையாருக்குப் பொருந்தாது. அவர் செய்தியைச் சொன்னார். சொல்லிவிட்டு, அதைப் பற்றித் தாம் என்ன நினைக்கிறார் என்பதையும் சொன்னார். அவருடைய புகழுக்கும் அவருக்கு வந்த தொல்லைக்கும் காரணம் இதுதான்.

எல்லாமே நேரலை

அமெரிக்காவில் கூட்டரசுத் தொடர்பு ஆணையம் என்ற அமைப்பு நகரவாரியாக அலைவரிசைகளைப் பிரித்துத் தனியார் நிறுவனங்களுக்கு உரிமம் வழங்கியது. கிளீவ்லாந்தில் முதல் உரிமத்தைப் பெற்றது ஸ்கிரிப்ஸ் ஹாவர்ட் என்ற பத்திரிகை நிறுவனம். நிறுவனரான எட்வர்ட் வில்லிஸ் ஸ்கிரிப்ஸின் பெயரெழுத்துகளைக் கொண்டு நிலையத்துக்கு டபிள்யூ.ஈ.டபிள்யூ.எஸ். என்று பெயர் வைத்தார்கள். 1947 டிசம்பர் 17ஆம் தேதி ஒளிபரப்பு தொடங்கியது. ஒஹாயோ மாநிலத்துக்கே அதுதான் முதல் நிலையம். மக்கள் அதை 5ஆம் அலைவரிசை என்று அழைத்தார்கள்.

கிளீவ்லாந்து அன்று சிறிய ஊர் அல்ல. எஃகு ஆலைகள் நிறைந்த நகரம். ஐரோப்பாவின் பல பகுதிகளிலிருந்து பிழைக்க வந்த தொழிலாளர் குடும்பங்கள் ஏராளம். 1950ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பில் 9 லட்சத்துக்கும் மேற்பட்ட மக்களோடு நாட்டின் 7ஆவது பெரிய நகரமாக இருந்தது. ஆனால் தொலைக்காட்சிப் பெட்டி வைத்திருந்த வீடுகள் மிகக் குறைவு. நாடு முழுவதையும் எடுத்துக்கொண்டால்கூட 1950இல் 100 வீடுகளுக்கு 9 வீடுகளில்தான் பெட்டி இருந்தது. பத்தே ஆண்டுகளில் அது 87 ஆக உயர்ந்தது என்பது வேறு கதை.

கிழக்குக் கரையையும் உள்நாட்டு நகரங்களையும் இணைக்கும் ஒளிபரப்புக் கம்பிவடம் 1949 ஜனவரியில்தான் முழுமையடைந்தது. அதுவரை நியூயார்க்கிலிருந்து நேரடியாக எதையும் வாங்கி ஒளிபரப்ப வழியில்லை. உள்ளூரில் யார் கிடைக்கிறார்களோ அவர்களை வைத்துத்தான் நேரத்தை நிரப்ப வேண்டும். பதிவு செய்து தொகுத்துப் போடலாம் என்றால் அதற்கும் கருவி கிடையாது. காட்சிப் பதிவு நாடா ஒளிபரப்புக்கு வந்தது 1956இல்தான். எழுத்துகளை ஓடவிடும் ஆட்டோகியூ போன்ற கருவி 1950இல்தான் முதன்முதலில் பயன்பட்டது. அதுவும் நியூயார்க்கில், நாடக நடிகர்களுக்காக.

ஆக, 1947இல் ஓர் உள்ளூர் நிலையத்துக்குத் தேவைப்பட்டவர் எப்படிப்பட்டவர்? சுடும் விளக்குகளுக்குக் கீழே, தாளைக் குனிந்து பாராமல், தடுமாறாமல், குறித்த நேரத்துக்குப் பேசி முடிக்கத் தெரிந்தவர். அழகும் இளமையும் பிறகுதான். அப்படிப் பேசத் தெரிந்தவர்களை வானொலி நிலையத்தைவிட மேடையில் தேடுவதே எளிது. டோரதி அம்மையார் மேடையிலிருந்து வந்தவர்.

மேடையில் கழிந்த காலம்

அவர் பிறந்தது 1893 ஜூன் 26, நியூ ஜெர்சி மாநிலத்தின் பசைக் நகரில். வளர்ந்தது மில்வாக்கியில். ஜெர்மானிய யூதக் குடும்பம், வசதி குறைவு. ஆசிரியர் பயிற்சி முடித்துச் சில காலம் பள்ளியில் பாடம் நடத்தினார். மனம் நாடகத்தில் இருந்தது. முதல் உலகப் போர்க் காலத்தில் அவருடைய நடிப்பையும் பேச்சாற்றலையும் கண்ட சமூக சீர்திருத்தவாதி ஜேன் ஆடம்ஸ், சமாதானக் கருத்துகளைப் பேச அவரை மேடையேற்றினார். 1931இல் நோபல் அமைதிப் பரிசு பெற்ற அதே ஜேன் ஆடம்ஸ்தான்.

திருமணத்துக்குப் பின் கிளீவ்லாந்தில் குடியேறிய டோரதி, சொற்பொழிவாளராக ஊர் ஊராகச் சென்றார். புத்தக விமர்சனம், வரலாறு, உலக அரசியல் எல்லாம் அவருக்குத் தலைப்புகள். 1930களில் ஐரோப்பாவுக்குப் போய்வந்து, கண்டதைப் பேசினார். ஹிட்லரையும் முசோலினியையும் அங்கே நேரில் சந்தித்துப் பேசியதாகப் பின்னாளில் அவரே கூறிவந்தார். அதன் பிறகு வானொலி. ரயில்வே தொழிலாளர் சங்கம் ஒன்றின் ஆதரவில் தேசிய வானொலியில் வாராந்திரக் கருத்துரை வழங்கினார்.

இந்தப் பின்னணியைப் பார்த்தால் 54 வயது என்பது குறையாகத் தெரியவில்லை. இருபது வயதில் வந்த ஒருவருக்கு எழுதிக் கொடுத்தாலும் வராத நிதானம், எழுதிக் கொடுக்காமலே அவரிடம் இருந்தது. புதிய சாதனமாக இருந்ததால் இந்த வேலைக்கு இப்படிப்பட்டவர்தான் வரவேண்டும் என்ற விதி இன்னும் உருவாகவில்லை. உருவாகியிருந்தால் அவர் உள்ளே நுழைந்திருக்க மாட்டார் என்று உறுதியாகச் சொல்லலாம். செய்தி நிகழ்ச்சியை நடத்துபவரைக் குறிக்கும் 'ஆங்கர்' என்ற சொல்கூட அமெரிக்காவில் 1952ஆம் ஆண்டுக் கட்சி மாநாடுகளின் ஒளிபரப்புக்குப் பிறகுதான் பரவியது.

பீர் நிறுவனத்தின் தயக்கம்

விதி இல்லை என்றாலும் பழக்கம் இருந்ததே! அந்தக் காலத்தில் ஒரு நிகழ்ச்சிக்கு ஒரே விளம்பரதாரர்தான். பணம் கொடுப்பவரின் பெயரே நிகழ்ச்சியின் பெயராகிவிடும். தேசிய அளவில் என்.பி.சி. நிறுவனம் 1949இல் தொடங்கிய 15 நிமிடச் செய்திக்கு ஒரு சிகரெட்டின் பெயர்தான் வைக்கப்பட்டது. கிளீவ்லாந்துச் செய்திக்கு வந்த விளம்பரதாரர் டுகேன் என்ற பீர் நிறுவனம். பீர் குடிப்பவர்கள் ஆண்கள், செய்தி கேட்பவர்களும் ஆண்கள், எனவே ஓர் ஆண்தான் வேண்டும் என்று நிறுவனம் விரும்பியது. நிலைய நிர்வாகம் விட்டுக்கொடுக்கவில்லை. இவர்தான் செய்தி சொல்வார், விருப்பமிருந்தால் விளம்பரம் தாருங்கள் என்ற நிலையில் நின்றது. நிறுவனம் இறங்கி வந்தது. வந்ததோடு பல ஆண்டுகள் அவருடனேயே இருந்தது.

அரசியல்வாதிகளையும் அதிகாரிகளையும் எதிர்த்து நின்ற செய்தியாளர்களைப் பற்றி நிறையப் பேசுகிறோம். விளம்பரதாரரிடம் "முடியாது" என்று சொன்ன விற்பனைப் பிரிவைப் பற்றி யாரும் பேசுவதில்லை. தொழில் தெரிந்தவர்களுக்கு எது கடினம் என்று தெரியும்.

அவருடைய நிகழ்ச்சி மூன்று கூறுகளைக் கொண்டது. அன்றைய செய்திகளின் தொகுப்பு, ஒரு நேர்காணல், கடைசியில் அவருடைய கருத்துரை. ஹெலன் கெல்லர், மார்ட்டின் லூதர் கிங் போன்றவர்கள் அவர் முன் அமர்ந்திருக்கிறார்கள். சீனாவில் சிறை வைக்கப்பட்டு விடுதலையான அமெரிக்கர் இருவரை 1955இல் ஹாங்காங் வரை போய்ப் பேட்டி கண்டார். ஓர் உள்ளூர் நிலையத்தின் செய்தியாளர் அவ்வளவு தூரம் போவது அன்று வழக்கமில்லை. 1957 முதல் 1964 வரை பில் கார்டன் என்பவருடன் சேர்ந்து பிற்பகல் உரையாடல் நிகழ்ச்சி ஒன்றையும் நடத்தினார். அவருடைய சிவந்த கூந்தல் ஊரில் பிரபலம். அதைப் பல ஆண்டுகள் மக்கள் கறுப்பு வெள்ளையில்தான் பார்த்தார்கள் என்பது ஒரு வேடிக்கை.

1959இல் நிலையம் செய்திப் பிரிவை விரிவாக்கியது. அன்றாடச் செய்தியை வாசிக்க வேறொருவர் வந்தார். டோரதி அம்மையார் நேர்காணலிலும் கருத்துரையிலும் கவனம் செலுத்தினார். செய்தியையும் கருத்தையும் ஒரே வாயால் சொல்வது ஆபத்து என்று இன்றைய பயிற்சி வகுப்புகளில் முதல் நாளே சொல்லிக் கொடுப்பார்கள். அந்த எச்சரிக்கை சரியானதுதான். டோரதி அம்மையார் விஷயத்தில் ஒன்றைக் கவனிக்க வேண்டும். எது நடந்தது, எது தம் எண்ணம் என்பதை அவர் மறைக்கவில்லை. பார்ப்பவருக்கு இரண்டும் தனித்தனியாகத் தெரிந்தன. செய்திபோலத் தோன்றும் வார்த்தைகளுக்குள் கருத்தை ஒளித்து வைப்பதுதான் உண்மையில் ஆபத்தானது.

சட்டமும் இதில் சம்பந்தப்பட்டிருந்தது. நிலையங்கள் ஒரு பக்கம் சாய்ந்து தலையங்கம் சொல்லக் கூடாது என்று தொடர்பு ஆணையம் 1941இல் கூறியிருந்தது. 1949இல் அந்த நிலையை மாற்றி, கருத்துச் சொல்லலாம், ஆனால் மாற்றுக் கருத்துக்கும் இடம் கொடுக்க வேண்டும் என்று விதித்தது. இந்த நியாய விதி 1987 வரை நடப்பில் இருந்தது. உரிமமும் அப்போது மூன்று ஆண்டுகளுக்குத்தான். ஒவ்வொரு முறை புதுப்பிக்கும்போதும் ஊர்மக்கள் ஆட்சேபம் தெரிவிக்கலாம். ஆகவே, திரையில் ஒருவர் மனம் விட்டுப் பேசினால் அதன் விளைவு அவருடைய வேலையோடு நின்றுவிடாது, நிலையத்தையும் தொடும்.

1970ஆம் ஆண்டு

அந்த ஆண்டில் நடந்த இரண்டு சம்பவங்களைச் சேர்த்துப் பார்த்தால்தான் அவர் யார் என்பது தெரியும்.

முதலாவது, ஜெர்ரி ரூபின் என்ற இளைஞர் தலைவருடன் நடந்த நேர்காணல். வியட்நாம் போரை எதிர்த்துக் கிளர்ச்சி செய்து, சிகாகோவில் வழக்கைச் சந்தித்து நாடறிந்தவர் அவர். புதிதாக எழுதிய புத்தகத்தைப் பற்றிப் பேச வந்தார். பேச்சு போன போக்கில் போலீஸ்காரர்களைப் பன்றிகள் என்று இழித்துரைத்தார். நிர்வாணப் படம் ஒன்றையும் காட்டினார். 76 வயது அம்மையார் பொறுக்கவில்லை. புத்தகத்தை வீசி எறிந்து, பேட்டியைப் பாதியில் நிறுத்தி, வெளியே போகச் சொல்லிவிட்டார். ஊரில் பலத்த கைதட்டல். நம் பக்கம் நிற்கிறார் என்று பழைமைவாதிகள் மகிழ்ந்து போனார்கள்.

அந்த மகிழ்ச்சி நீடிக்கவில்லை. அதிபர் நிக்சன் ஏப்ரல் 30ஆம் தேதி கம்போடியாவுக்குள் படை நுழைவதை அறிவித்ததும் பல்கலைக்கழகங்களில் எதிர்ப்புக் கிளம்பியது. கிளீவ்லாந்திலிருந்து சுமார் 60 கிலோமீட்டர் தூரத்தில் இருக்கும் கெண்ட் மாநிலப் பல்கலைக்கழகத்தில் படைப்பயிற்சிக் கட்டடம் ஒன்று எரிந்தது. ஒஹாயோ தேசியக் காவல் படை வளாகத்துக்குள் வந்தது. மே 4ஆம் தேதி நண்பகலில் படையினர் 13 விநாடிகளில் 67 தோட்டாக்களைச் சுட்டனர். 4 மாணவர்கள் இறந்தனர், 9 பேர் காயமடைந்தனர். இறந்தவர்களில் இருவர் ஆர்ப்பாட்டத்தில் கலந்துகொள்ளாமல் வகுப்புகளுக்கு இடையில் நடந்து போனவர்கள்.

தொலைக்காட்சியில் இதைப் பற்றிப் பேசியபோது டோரதி அம்மையார் அழுதார். நடந்தது கொலை என்றார்.

இன்று படிப்பவருக்கு அது இயல்பான சொல்லாகத் தோன்றலாம். அன்று ஊர் என்ன மனநிலையில் இருந்தது என்பதை ஒரு கணக்கு காட்டுகிறது. சம்பவத்துக்குப் பின் காலப் நிறுவனம் நடத்திய கருத்துக்கணிப்பில் 58 விழுக்காட்டினர் மாணவர்கள்மீதே பழி போட்டனர். படைமீது குற்றம் சொன்னவர்கள் வெறும் 11 விழுக்காட்டினர். அவருடைய நேயர்களில் பலர் ஆலைத் தொழிலாளர்கள். காவல் படையில் சேர்ந்திருந்த பையன்களும் அப்படிப்பட்ட வீடுகளிலிருந்து வந்தவர்கள்தான். தொலைபேசி ஓயவில்லை. கடிதங்கள் குவிந்தன. அவரை நீக்க வேண்டும் என்பதே பெரும்பாலானவற்றின் கோரிக்கை. முன்பு கைதட்டியவர்களின் கடிதங்களும் அவற்றில் இருந்திருக்கும்.

வேலை போய்விட்டது என்றே அவரும் நினைத்தார். நிலையம் அவரை நீக்கவில்லை. அவரும் தம் வார்த்தையைத் திரும்பப் பெறவில்லை.

எப்படித் தாக்குப்பிடித்தார்? புதிதாக வந்த ஒருவர் அதே சொல்லைச் சொல்லியிருந்தால் மறுநாள் நாற்காலியில் வேறொருவர் இருந்திருப்பார். டோரதி அம்மையார் அந்த ஊரின் வீடுகளுக்குள் 23 ஆண்டுகளாகப் போய்க்கொண்டிருந்தவர். அவர் சொன்னதை ஏற்காதவர்களும் அவரை நன்கு அறிந்திருந்தார்கள். ரூபினை வெளியேற்றியவரும் மாணவர்களுக்காக அழுதவரும் ஒரே ஆள்தான் என்பதைக் கண்ணால் கண்டிருந்தார்கள். கட்சி பார்த்துப் பேசுகிறார் என்று அவர்மீது பழி சொல்ல வழியில்லை. தேசிய ஒளிபரப்பில் இந்த உறவு அமைவது கடினம். நியூயார்க்கில் அமர்ந்து பேசுபவரைக் கிளீவ்லாந்துக்காரர் கடைத்தெருவில் சந்திக்க முடியாதல்லவா?

29 ஆண்டு இடைவெளி

தேசிய அளவில் மாலைச் செய்தி நிகழ்ச்சிக்கு ஒரு பெண் இணைத் தொகுப்பாளராக வந்தது 1976இல். ஏ.பி.சி. நிறுவனத்தில் பார்பரா வால்டர்ஸ் அந்த இடத்தைப் பெற்றார். கிளீவ்லாந்து 1947இல் செய்ததை நியூயார்க் செய்ய 29 ஆண்டுகள் பிடித்தன. முன்னேற்றம் தலைநகரில் தொடங்கிச் சிற்றூருக்குப் போகும் என்ற எண்ணம் இந்த விஷயத்தில் தலைகீழாகிவிட்டது. அதே சமயம் டோரதி அம்மையாருக்குப் பின் பெண்கள் வரிசையாக வந்துவிட்டார்கள் என்று சொல்வதற்கில்லை. பல நிலையங்களில் பெண்களுக்குக் கிடைத்தது வானிலையும் சமையல் குறிப்பும்தான். வயது முதிர்ந்த பெண்ணுக்குக் கதவு இன்னும் இறுக்கமாகவே இருந்தது. அவரே ஒரு விதிவிலக்காக நின்றுவிட்டார்.

80 வயதைக் கடந்தும் அவர் வேலைக்கு வந்துகொண்டிருந்தார். 1981இல் இளவரசர் சார்ல்ஸின் திருமணத்தைப் பற்றிச் செய்தி அனுப்ப லண்டன் போனபோது அவருக்கு வயது 88. கிளீவ்லாந்து இதற்குள் மாறிப் போயிருந்தது. ஆலைகள் மூடப்பட்டன, 1980இல் மக்கள்தொகை 5 லட்சத்து 74 ஆயிரத்துக்கு இறங்கிவிட்டது. அவருடைய நிலையத்தின் சகோதரப் பத்திரிகையாக இருந்த கிளீவ்லாந்து பிரஸ் 1982இல் நின்றுபோனது. 5ஆம் அலைவரிசையில் சிவந்த கூந்தல் பாட்டி மட்டும் மாலைதோறும் வந்துகொண்டிருந்தார்.

1984 ஜூலை 27ஆம் தேதி, துணைக்கோள் வழியாக அதிபர் ரோனல்ட் ரேகனைப் பேட்டி கண்டார். அன்றே பக்கவாதம் தாக்கியது. அப்போது வயது 91. அதன் பின் அவர் திரைக்குத் திரும்பவில்லை. 1989 நவம்பர் 3ஆம் தேதி, 96ஆவது வயதில் காலமானார்.

1940களின் இறுதியிலும் 1950களிலும் அவர் பேசியவற்றில் மிகப் பெரும்பகுதி காற்றோடு போய்விட்டது. பதிவு நாடா வந்த பிறகும் அது விலையுயர்ந்த பொருள் என்பதால் நிலையங்கள் ஒன்றை அழித்து அதன்மேல் இன்னொன்றைப் பதிவு செய்தன. ரூபினை வெளியேற்றிய காட்சி தப்பித்து, இன்றும் பார்க்கக் கிடைக்கிறது. அவருடைய கடிதங்களும் எழுத்துப் பிரதிகளும் கெண்ட் மாநிலப் பல்கலைக்கழக நூலகத்தில் பாதுகாக்கப்படுகின்றன.